பீட்டர் ஹென்னசி: கோப்புகளைத் தேடிப் போன அரசியல் விமர்சகர்

கேள்வி இதுதான்: "பிரிட்டனில் அரசியல் நெருக்கடி என்றால் உடனே ஒரு வரலாற்றுப் பேராசிரியரைக் கூப்பிட்டுக் கருத்துக் கேட்கிறார்கள். இவர்களுக்கு அந்த இடம் எப்படிக் கிடைக்கிறது? முனைவர் பட்டம், பேராசிரியர் பதவி, பிறகு தொலைக்காட்சி என்பதுதான் வழியா?"

வழி ஒன்றல்ல. மூன்று பேரை எடுத்துக்கொண்டால் மூன்று விதமாக இருக்கிறது. ஏ.ஜே.பி. டெய்லர் ஆக்ஸ்போர்டில் ஐரோப்பிய ராஜதந்திர வரலாறு நடத்தியவர். 1950இல் பிபிசியின் அரசியல் விவாத நிகழ்ச்சி ஒன்றில் வாயாடியாக நுழைந்து, பிறகு குறிப்புச்சீட்டே இல்லாமல் கேமராவைப் பார்த்து அரைமணி நேரம் வரலாற்றுச் சொற்பொழிவு ஆற்றிப் பெயர் வாங்கினார். 1957இல் ஆக்ஸ்போர்டின் மிக உயர்ந்த வரலாற்றுப் பேராசிரியர் பதவி அவருக்குக் கிடைக்காமல் ஹியூ ட்ரெவர்-ரோப்பருக்குப் போனது. ஜனரஞ்சகப் பத்திரிகைகளில் எழுதிக் குவித்ததும் அதற்கு ஒரு காரணம் என்று அப்போதே பேச்சு இருந்தது. டேவிட் பட்லர் வேறு ரகம். தேர்தல் எண்களை வைத்துக்கொண்டு 1950 தேர்தல் இரவில், 25 வயதில், பிபிசி தொலைக்காட்சியில் உட்கார்ந்தார். அதற்குப் பிறகு பல பத்தாண்டுகள் அவர் இல்லாமல் பிரிட்டனில் தேர்தல் இரவே கிடையாது.

மூன்றாமவர் பீட்டர் ஹென்னசி. உங்கள் கேள்விக்குப் பொருத்தமானவர் இவர்தான், ஏனென்றால் நீங்கள் சொல்லும் வரிசையை அப்படியே தலைகீழாகப் போட்டவர். முதலில் செய்தியாளர். நாற்பது வயதைத் தாண்டி 1990இல்தான் கேம்பிரிட்ஜ் முனைவர் பட்டம். 1992இல் லண்டன் குவீன் மேரி கல்லூரியில் சமகால வரலாற்றுப் பேராசிரியர். 2010இல் எந்தக் கட்சியையும் சேராத உறுப்பினராகப் பிரபுக்கள் சபை. அவர் எப்படி விமர்சகரானார் என்பதற்கு என் பதில் ஒரு வரிதான்: மற்ற விமர்சகர்கள் "யார் ஜெயிப்பார்?" என்று கேட்டபோது, இவர் "அந்த முடிவை எந்தக் கூட்டத்தில் எடுத்தார்கள், அதன் கோப்பு எங்கே?" என்று கேட்டுக்கொண்டிருந்தார். விரிவாகச் சொன்னால்தான் இது விளங்கும்.

1947இல் பிறந்தவர். அயர்லாந்து வேர் கொண்ட கத்தோலிக்கக் குடும்பம். போருக்குப் பிந்தைய நலவாழ்வு அரசின் பிள்ளை என்று தன்னைச் சொல்லிக்கொள்வதில் அவருக்குத் தனிப் பெருமை. அரசு கொடுத்த ஆரஞ்சுப் பழச்சாறு, பள்ளியில் இலவசப் பால், தேசிய மருத்துவச் சேவை, பிறகு க்ளோஸ்டர்ஷயரில் இலவச கிராமர் பள்ளி (தேர்வு வைத்துச் சேர்க்கும் அரசுப் பள்ளி), அங்கிருந்து கேம்பிரிட்ஜ் செயின்ட் ஜான்ஸ் கல்லூரி, ஓராண்டு ஹார்வர்டு. பணம் இல்லாத வீட்டுப் பிள்ளைக்கு அந்த ஏணி அந்தத் தலைமுறையில்தான் கிடைத்தது. அந்த நலவாழ்வு அரசைக் கட்டிய தொழிற்கட்சிப் பிரதமர் கிளமென்ட் அட்லியின் 1945 அரசாங்கத்தின் மேல் அவருக்கு இருக்கும் பாசத்தை இதிலிருந்தே புரிந்துகொள்ளலாம். பின்னாளில் அவர் வகித்த பேராசிரியர் பதவிக்கே அட்லி பெயர்தான். அதே வளாகத்தில் 2011இல் அட்லியின் சிலை ஒன்றும் வந்து சேர்ந்தது. லைம்ஹவுஸ் நூலகத்தின் முன்னால் சேதப்பட்டு நின்ற பழைய சிலை அது.

1970களின் நடுவில் டைம்ஸ் பத்திரிகையில் அவருக்குக் கிடைத்த வேலை வைட்ஹால் செய்தியாளர். வைட்ஹால் என்றால் லண்டனில் அமைச்சகங்கள் வரிசையாக நிற்கும் தெரு, நம் ஊரில் கோட்டை என்று சொல்வோமே, அது போல. இடையில் கொஞ்ச காலம் ஃபைனான்ஷியல் டைம்ஸுக்காக நாடாளுமன்ற 'லாபி' செய்தியாளராகவும் இருந்தார். அந்தக் காலத்து லாபி வினோதமான ஏற்பாடு. பிரதமரின் செய்தித் தொடர்பாளர் தினமும் செய்தியாளர்களைக் கூட்டிவைத்துப் பேசுவார். யார் சொன்னது என்று அப்போது எழுதக் கூடாது. அப்படி ஒரு கூட்டம் நடந்ததாகவே காட்டிக்கொள்ளக் கூடாது. ஹென்னசிக்கு இது பிடிக்கவில்லை. ஊட்டிவிடுவதை விழுங்கும் பத்திரிகையாளன் அரசாங்கத்தைப் பற்றி என்ன தெரிந்துகொள்ள முடியும் என்பது அவர் வாதம். 1985இல் ஒரு சிறிய நூலில் இதை நிரூபித்தும் காட்டினார். பழைய நிகழ்வுகளை எடுத்துக்கொண்டு, அன்று பத்திரிகைகள் எழுதியதையும் பிறகு திறந்த அரசுக் கோப்புகள் சொன்னதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். பத்திரிகைத் தொழிலுக்கு அது கௌரவமான ஒப்பீடாக இல்லை.

இங்கே பிரிட்டிஷ் அரசு எப்படி இயங்கியது என்று கொஞ்சம் சொல்ல வேண்டும். அமைச்சரவை மேசையைச் சுற்றி இருபது பேர் உட்கார்ந்து நாட்டை ஆள்வதாகத்தான் பாடப்புத்தகம் சொல்லும். உண்மையில் பெரும்பாலான முடிவுகள் அமைச்சரவைக் குழுக்களில் எடுக்கப்பட்டன. அந்தக் குழுக்களின் பெயர், உறுப்பினர் பட்டியல், அப்படி ஒரு குழு இருக்கிறது என்ற தகவல் எல்லாமே ரகசியம். தற்காலிகக் குழுக்களுக்கு வெறும் எழுத்தும் எண்ணும்தான்: 'ஜென் 75', 'மிஸ்க் 7' என்று. ஹென்னசி இவற்றைத் துரத்தினார். அட்லி ஆண்ட ஆறேகால் ஆண்டில் 148 நிலைக்குழுக்களும் 313 தற்காலிகக் குழுக்களும் இருந்தன என்று எண்ணிச் சொன்னவர் அவர். எண்ணி என்ன ஆகப்போகிறது என்று தோன்றலாம். 'ஜென் 163' கதையைக் கேட்டால் தோன்றாது.

1947 ஜனவரியில் அட்லியும் ஐந்து அமைச்சர்களும் கொண்ட அந்தக் குழு ஒருமுறை கூடியது. பிரிட்டன் சொந்தமாக அணுகுண்டு செய்யும் என்று தீர்மானித்தது. முழு அமைச்சரவையிடம் கேட்கவில்லை. முந்தைய குழுவில் செலவைக் காரணம் காட்டித் தயங்கிய நிதியமைச்சர் ஹியூ டால்டனும் வர்த்தகத்துறை அமைச்சர் ஸ்டாஃபர்ட் க்ரிப்ஸும் இந்தக் குழுவில் சேர்க்கப்படவே இல்லை. நாடாளுமன்றத்துக்கு 1948 மே மாதம்தான் தெரிந்தது, அதுவும் ஏற்பாடு செய்யப்பட்ட ஒரு கேள்விக்கு வந்த ஒற்றை வரிப் பதிலாக. போருக்குப் பிந்தைய பிரிட்டனின் மிகப் பெரிய முடிவுகளில் ஒன்று இப்படித்தான் எடுக்கப்பட்டது. 1980இல் கன்சர்வேடிவ் பிரதமர் மார்கரெட் தாட்சர் டிரைடன்ட் அணு ஏவுகணையை வாங்கத் தீர்மானித்ததும் 'மிஸ்க் 7' என்ற சிறு குழுவில்தான். கட்சி மாறினாலும் பழக்கம் மாறவில்லை. யார் பிரதமர் என்று மட்டும் பார்ப்பவனுக்கு இந்தத் தொடர்ச்சி கண்ணில் படாது.

கடைசியில் 1992 மே மாதம், பிரதமர் ஜான் மேஜர் அமைச்சரவைக் குழுக்களின் பட்டியலையும், அமைச்சர்கள் எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்ற ரகசிய விதிக் கையேட்டையும் வெளியிட்டார். அந்தக் கையேடுதான் இன்று அமைச்சர் நடத்தை விதிகள் என்று வழங்குகிறது. யாராவது அமைச்சர் மாட்டிக்கொண்டால் எல்லோரும் மேற்கோள் காட்டுகிறார்களே, அதே ஆவணம். அதை வெளியே கொண்டுவர வேண்டும் என்று ஆண்டுக்கணக்கில் எழுதிக்கொண்டிருந்தவர்களில் ஹென்னசி முக்கியமானவர்.

அதே 1992இல் அவர் முழுநேரப் பேராசிரியரானது தற்செயல் அல்ல. 1986இலேயே வரலாற்றாளர் ஆன்டனி செல்டனுடன் சேர்ந்து சமகால பிரிட்டிஷ் வரலாற்றுக்கென்று ஒரு நிறுவனம் தொடங்கியிருந்தார். அதுவரை பிரிட்டிஷ் பல்கலைக்கழகங்களில் 1945க்குப் பிறகு நடந்ததெல்லாம் வரலாறு அல்ல, பத்திரிகைச் செய்தி என்ற மனப்பான்மை வலுவாக இருந்தது. அந்த நிறுவனம் 'சாட்சிக் கருத்தரங்கு' என்ற முறையைப் பிரபலமாக்கியது. ஒரு நெருக்கடியில் சம்பந்தப்பட்ட முன்னாள் அமைச்சர்கள், செயலர்கள், ஆலோசகர்கள் எல்லோரையும் ஒரே அறையில் உட்கார வைத்துப் பேசவிடுவார்கள். ஒருவர் தன் பங்கைப் பெரிதாக்கினால் எதிரில் இருப்பவர் அங்கேயே மறுப்பார். எல்லாம் பதிவாகி அச்சாகும். தனியாகப் பேட்டி எடுத்தால் கிடைக்காத சண்டை இதில் கிடைக்கும். என்னைக் கேட்டால், அவர் எழுதிய எந்த நூலையும்விட இதுதான் அவருடைய பெரிய பங்களிப்பு.

காலமும் கைகொடுத்தது. பிரிட்டனில் அரசுக் கோப்புகள் ஐம்பது ஆண்டு கழித்துத்தான் திறக்கும் என்று 1958 சட்டம் சொன்னது. 1967இல் அதை முப்பதாக்கினார்கள். 2010 சட்டம் இருபதாகக் குறைத்து, 2013 முதல் படிப்படியாக நடைமுறைக்குக் கொண்டுவந்தது. முப்பது ஆண்டு விதி இருந்த காலத்தில் ஒவ்வொரு புத்தாண்டிலும் லண்டன் கியூவில் உள்ள ஆவணக் காப்பகத்தில் ஒரு முழு ஆண்டின் கோப்புகள் திறக்கும். 1993இல் அமைச்சர் வில்லியம் வால்ட்கிரேவ் கொண்டுவந்த ஏற்பாட்டின்படி, காலம் கடந்தும் பூட்டிவைத்திருந்த கோப்புகளையும் ஆய்வாளர்கள் கேட்டுப் பெறலாம் என்றானது. ஹென்னசியும் அவர் மாணவர்களும் பனிப்போர்க் கோப்புகளில் இறங்கினார்கள்.

அங்கே கிடைத்தவை இன்று படித்தாலும் வயிற்றைக் கலக்கும். 1955இல் எழுதப்பட்டு 2002இல் வெளிவந்த ஸ்ட்ராத் அறிக்கை, பத்து ஹைட்ரஜன் குண்டு விழுந்தால் 1.2 கோடிப் பேர் சாவார்கள் என்று அமைச்சர்களுக்குக் கணக்குக் கொடுத்திருக்கிறது. வில்ட்ஷயரில் கோர்ஷம் என்ற ஊருக்கு அடியில், பழைய கல் சுரங்கத்தில், போர் மூண்டால் அரசாங்கம் ஒளிந்திருந்து ஆள ஒரு நிலத்தடி நகரமே கட்டிவைத்திருந்தார்கள். ஒவ்வொரு புதிய பிரதமரும் பதவியேற்றவுடன் அணு ஏவுகணை தாங்கிய நான்கு நீர்மூழ்கிக் கப்பல்களின் தளபதிகளுக்குத் தன் கையால் ஒரு கடிதம் எழுத வேண்டும்: லண்டன் அழிந்து, நானும் செத்திருந்தால், நீ என்ன செய்ய வேண்டும் என்று. பதவி போனதும் அந்தக் கடிதங்களைப் படிக்காமலே அழித்துவிடுவார்கள். பொதுமக்கள் இவ்விஷயத்தைப் பேசத் தொடங்கியதில் ஹென்னசியின் நூலுக்கும் வானொலி நிகழ்ச்சிகளுக்கும் பெரும் பங்குண்டு. 1988இல் வானொலிக்காக முன்னாள் பிரதமர் ஜேம்ஸ் கேலகனை ஹென்னசி பேட்டி கண்டபோது, தேவைப்பட்டிருந்தால் அணு ஏவுகணைப் பொத்தானை அழுத்தியிருப்பேன், ஆனால் அதன் பிறகு உயிரோடு இருந்திருந்தால் என்னை நானே மன்னித்திருக்க மாட்டேன் என்ற பொருளில் கேலகன் சொன்னார். ஒரு முன்னாள் பிரதமர் இதை ஒலிவாங்கி முன் சொல்ல வேண்டுமானால், கேட்பவர் மேல் எவ்வளவு நம்பிக்கை இருந்திருக்க வேண்டும்!

இனி விமர்சகர் என்ற பாத்திரத்துக்கு வருவோம். பிரிட்டனுக்கு ஒரே புத்தகமாகத் தொகுத்த அரசியலமைப்புச் சட்டம் கிடையாது. சட்டங்கள் சில, மரபுகள் பல. யாருக்கும் பெரும்பான்மை இல்லையென்றால் மன்னர் யாரை அழைக்க வேண்டும்? பிரதமர் மறுதேர்தல் கேட்டால் மன்னர் மறுக்கலாமா? இதற்கு நெடுங்காலம் இருந்த 'ஆவணம்', 1950 மே 2 அன்று டைம்ஸில் 'செனக்ஸ்' என்ற புனைபெயரில் வந்த வாசகர் கடிதம். எழுதியவர் அரசரின் அந்தரங்கச் செயலர் ஆலன் லாசல்ஸ். ஒரு வல்லரசின் அரசியலமைப்பு விதி ஒரு வாசகர் கடிதத்தில் இருந்தது! ஹென்னசி இதை 1990களிலேயே தோண்டி எடுத்து, மூடுமந்திரம் வேண்டாம், எழுதிவையுங்கள் என்று வாதிட்டார்.

2010 தேர்தலுக்குச் சில மாதங்கள் முன்பு அமைச்சரவைச் செயலர் கஸ் ஓ'டானல் அதற்கான வரைவைத் தயாரித்தபோது கலந்தாலோசித்த அறிஞர்களில் ஹென்னசியும் ஒருவர். மே 6 தேர்தலில் யாருக்கும் பெரும்பான்மை கிடைக்கவில்லை. கார்டன் பிரவுன் உடனே பதவி விலகாமல் பிரதமர் இல்லத்திலேயே இருந்ததைச் சில பத்திரிகைகள் அத்துமீறிக் குடியிருப்பதாகத் திட்டின. மாற்று அரசாங்கம் உருவாகும் வரை இருப்பது அவர் கடமை, அரசியை அரசாங்கமே இல்லாமல் விட்டுவிட்டுப் போகக் கூடாது என்பதுதான் மரபு. அந்த ஐந்து நாளும் ஹென்னசி போன்றவர்களுக்கு வேலை இருந்தது. மே 11 அன்று பிரவுன் விலகினார், கேமரன் வந்தார். பெரிய குழப்பம் வராமல் போனதற்கு முன்கூட்டி எழுதிவைத்த அந்தச் சில பக்கங்களும் காரணம்.

ஹென்னசி பெயரோடு ஒட்டிக்கொண்டிருப்பது 'நல்ல மனிதர்' கோட்பாடு. கிளைவ் பிரீஸ்ட்லி என்ற அரசு அதிகாரி சொன்னது, பரப்பியவர் இவர். எழுதாத விதிகள் ஏன் வேலை செய்கின்றன? பதவிக்கு வருகிறவர்களுக்குக் கோடு எங்கே இருக்கிறது என்று தெரியும், தெரிந்தும் தாண்ட மாட்டார்கள் என்ற நம்பிக்கையில்தான். அவர் இதைச் சொல்லும்போது குரலில் பாதி கிண்டல், பாதி பாசம் இருக்கும். 2019இல் பாசம் போய்விட்டது. ஆகஸ்ட் 28 அன்று போரிஸ் ஜான்சன் நாடாளுமன்றத்தை ஐந்து வாரம் முடக்கிவைக்க அரசியின் ஒப்புதலைப் பெற்றார். செப்டம்பர் 24 அன்று உச்ச நீதிமன்றத்தின் 11 நீதிபதிகளும் ஒருமனதாக அது செல்லாது என்றார்கள். அந்த நவம்பரில் ஹென்னசியும் அரசியலமைப்பு அறிஞர் ஆண்ட்ரூ பிளிக்கும் சேர்ந்து எழுதிய ஆய்வறிக்கை, நல்ல மனிதர்கள் இனி இல்லையா என்ற கேள்வியையே தலைப்பாக வைத்தது.

2022 ஏப்ரலில், ஊரடங்கை மீறியதற்காகக் காவல்துறை ஜான்சனுக்கு அபராதம் போட்டது. சில நாளில், ஈஸ்டர் ஞாயிறு காலையில், ஹென்னசி பிபிசி வானொலியில் தன் நாட்குறிப்பைப் படித்தார். தன் நினைவுக்கு எட்டிய வரையில் ஒரு பிரதமர் சம்பந்தப்பட்ட மிகக் கடுமையான அரசியலமைப்பு நெருக்கடி இது என்றார். பொதுவாழ்வின் கண்ணியத்தை ஜான்சன் கீழிறக்கிவிட்டார் என்றார். இதை எதிர்க்கட்சிக்காரர் சொல்லியிருந்தால் அன்று மாலையே மறந்திருப்பார்கள். அறுபது ஆண்டு அமைச்சரவைக் கோப்புகளைப் படித்தவர், 1956 சூயஸ் கால்வாய் விவகாரத்தில் பிரதமர் ஈடன் பொய் சொன்னதையெல்லாம் கோப்போடு எழுதியவர், "நான் கண்டதில் இதுதான் மோசம்" என்றதால் அது பெரிய செய்தியாயிற்று. நீங்கள் கேட்ட அந்த 'இடம்' எதில் நிற்கிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் எனக்குத் தெரியாது.

இந்தக் கோட்பாட்டில் நமக்கும் ஒரு பங்கு உண்டு, ஒரு விதத்தில். இலங்கையின் 1946 அரசியலமைப்பு ஆணை, ஆளுநர் தன் அதிகாரங்களைப் பிரிட்டிஷ் அரசருக்குப் பொருந்தும் மரபுகளின்படி பயன்படுத்த வேண்டும் என்றே எழுதியது. எழுதாத விதியை எழுதி ஏற்றுமதி செய்தார்கள். அதற்கு ஆலோசனை சொன்ன ஐவர் ஜென்னிங்ஸ்தான் அமைச்சரவை ஆட்சிமுறை பற்றி ஹென்னசி தலைமுறை படித்த பாடநூலை எழுதியவர். கோட்டைத் தாண்ட மாட்டார்கள் என்ற அதே நம்பிக்கையின் மேல் எழுந்த அந்த ஏற்பாடு கொழும்பில் 1972இல் புதிய அரசியலமைப்பு வரும் வரைதான் தாங்கியது. லண்டனில் அதைவிட நெடுநாள் தாங்கியது, அவ்வளவுதான் வித்தியாசம்.

குறைகளையும் சொல்ல வேண்டும். ஹென்னசிக்கு உயரதிகாரிகளைப் பிடிக்கும், அவர்களுக்கும் இவரைப் பிடிக்கும். அவர் பல்கலைக்கழகக் கருத்தரங்குகளுக்கு அமைச்சரவைச் செயலர்களே வந்து பேசினார்கள். அதனால் கிடைத்த தகவல் ஏராளம். அதே காரணத்தால் அவர் எழுத்தில் நாடு என்பது பெரும்பாலும் நடைபாதைகளும் கமிட்டி அறைகளும்தான். 1945 முதல் 1960களின் தொடக்கம் வரை மூன்று தடித்த நூல்களாக எழுதியிருக்கிறார். அதே காலத்தைச் சாதாரண மக்களின் நாட்குறிப்புகள் வழியாக எழுதிய டேவிட் கைனஸ்டனைப் பக்கத்தில் வைத்துப் படித்தால் எது விடுபட்டது என்று தெரியும். இன்னொன்று, கோப்பை நம்புகிறவனுக்குக் கோப்பே இல்லாமல் போனால் என்ன வழி? பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிராகக் கென்யாவில் நடந்த மாவ் மாவ் போராட்டத்தின் கைதிகள் தொடுத்த வழக்கில்தான், 37 முன்னாள் காலனிகளிலிருந்து கொண்டுவந்த ஆயிரக்கணக்கான கோப்புகளை வெளியுறவுத்துறை ஹான்ஸ்லோப் பார்க் என்ற இடத்தில் ஒளித்துவைத்திருந்தது 2011இல் வெளியே வந்தது. காலனிகளை விட்டுக் கிளம்பும்போதே எரித்தவை வேறு. நல்ல மனிதர்கள் என்று சொல்லப்பட்ட அதே தலைமுறை அதிகாரிகள் செய்த வேலைதான் இது.

கடைசியாக, நீங்கள் இந்தத் துறைக்கு வர நினைத்துக் கேட்டிருந்தால்: அவர் போன வழி இன்று அப்படியே திறந்தில்லை. அரசு அலுவலகங்களை மட்டும் பார்த்துக்கொள்ள ஒரு முழுநேரச் செய்தியாளரை வைத்திருக்கும் பத்திரிகைகள் அருகிவிட்டன. மூலப்பொருளும் மாறிவிட்டது. ஜென் 163க்குக் கூட்டக் குறிப்பாவது இருந்தது. கோவிட் காலத்தில் முடிவுகள் வாட்ஸ்அப்பில் பறந்தன. விசாரணை ஆணையத்துக்கு ஜான்சனின் செய்திகளைத் தணிக்கையின்றிக் கொடுக்க மாட்டோம் என்று அமைச்சரவை அலுவலகம் நீதிமன்றம் வரை போய் 2023 ஜூலையில் தோற்றது. அதற்குப் பிறகும், 2020 ஜனவரி இறுதி முதல் ஜூன் வரையிலான, அதாவது முதல் ஊரடங்கு முடிவு எடுக்கப்பட்ட அந்த மாதங்களின் சுமார் 5,000 செய்திகள் அவருடைய பழைய கைபேசியிலிருந்து மீட்க முடியாமல் போயின. அந்த ஆண்டின் கோப்புகள் 2040களின் தொடக்கத்தில் கியூ காப்பகத்துக்கு வரும்போது, வாசிக்கப் போகும் ஆய்வாளருக்குக் காகிதம் படிக்கத் தெரிந்தால் மட்டும் போதாது. சாட்சிக் கருத்தரங்குக்கு ஆட்களைக் கூட்டும் சாமர்த்தியமும் வேண்டும், அவர்கள் உயிரோடு இருக்கும்போதே.